வாத்தியாரின் ஜாபிதா

ஒரே நாளில் ஊர் சுற்றிக் காட்டுகிறேன் என்று புறப்படுகிற மனிதர்களிடம் எனக்கு எப்போதுமே கொஞ்சம் பயம் உண்டு. விடியற்காலையில் வண்டியில் ஏற்றுவார்கள். இரவில் இறக்கி விடுவார்கள். மறுநாள் உட்கார்ந்து யோசித்தால் எந்த ஊரில் எந்தக் கோபுரம், எந்தக் குளக்கரையில் காப்பி சாப்பிட்டோம் என்பதெல்லாம் ஒன்றோடொன்று கலந்து கூட்டாஞ்சோறாகியிருக்கும். காப்பி மட்டும் நன்றாக நினைவிருக்கும்.

இந்த அபிப்பிராயத்தை மாற்றிக்கொள்ளும்படி என்னை நெருக்கியவர் சென்னையில் இருக்கும் ஒரு சிநேகிதர். பாங்கு உத்தியோகத்திலிருந்து ஓய்வு பெற்றவர். மனைவியுடன் சீன தேசத்துக்குப் போய், யுன்னான் மாகாணத்தில் தாலி என்ற ஊரைப் பார்த்துவிட்டு வந்திருந்தார். "ஊருக்குப் பெயரே தாலி!" என்று அந்த அம்மாள் சொல்லிச் சொல்லிச் சிரித்தாள். அந்தப் பக்கத்தில் பை என்ற இனத்தார் பெருவாரியாக வசிக்கிறார்கள். சீன பாஷையில் பை என்றால் வெள்ளை. வெள்ளைச் சுவர் வைத்த பழைய வீடுகள், எர்ஹாய் என்ற பெரிய ஏரி, ஸீஜோ என்ற ஊரில் பழைய வியாபாரிகளின் முற்றம் வைத்த மாளிகைகள், ஜோசெங்கில் துணியை முடிச்சுப் போட்டு நீலச் சாயம் தோய்க்கும் பெண்கள், எல்லாவற்றையும் ஒரே நாளில் ஒரு பெண் கூட்டிக்கொண்டு போய்க் காட்டினாளாம். வந்தவர்களுக்கு மூன்று கிண்ணம் தேநீர் கொடுப்பது அவர்கள் வழக்கம். முதல் கிண்ணம் கசக்கும், இரண்டாவது இனிக்கும், மூன்றாவதில் எல்லா ருசியும் கலந்து நாக்கில் நிற்கும்.

இவ்வளவையும் சொல்லிவிட்டு, "உங்கள் விருதுநகர் ஜில்லாவில் ஒரு நாளைக்குக் காட்ட என்ன இருக்கிறது? வெயிலும் வெடியும்தானே?" என்றார் சிநேகிதர்.

எனக்குச் சுருக்கென்றது. சிவகாசித் தாலுகாவில் எம். புதுப்பட்டியில் ஒரு வாத்தியாரை எனக்குத் தெரியும். எழுபத்தைந்தை எட்டிய மனிதர். தமிழும் சரித்திரமும் படித்தவர், அந்த ஊர்ப் பக்கத்துப் பள்ளிக்கூடங்களிலேயே காலத்தைக் கழித்தவர். வெளியூர்க்காரர் யார் வந்தாலும் பிடித்து வைத்துச் சுற்றிக் காட்டுவார். பணம் வாங்கமாட்டார், கார் வாடகையை மட்டும் கொடுத்துவிட வேண்டும். கார் ஓட்டுகிற பையன் அவருடைய பழைய மாணவன். ஒரு சனிக்கிழமைக்கு ஏற்பாடு செய்தோம்.

வாத்தியார் கையில் நாலாக மடித்த ஒரு ஜாபிதா இருந்தது. "கண்ணால் பார்க்கிறதை மட்டும்தான் சொல்லுவேன். இங்கே ஒரு காலத்தில் இருந்தது, அங்கே ஒரு காலத்தில் இருந்தது என்று காற்றைக் காட்டிப் பேசுகிறது எனக்குப் பிடிக்காது" என்று ஆரம்பத்திலேயே சொல்லிவிட்டார்.

ஸ்ரீவில்லிபுத்தூரைப் பற்றி நான் அதிகம் எழுதப் போவதில்லை. எழுதாத எழுத்தாளர் யார்? பதினொரு நிலைக் கோபுரம், 192 அடி உயரம், விடியற்காலை வெளிச்சத்தில் யாருக்கும் வாய் பேச வராது. அந்தக் கோபுரம் ஆண்டாளுடையது அல்ல, பக்கத்தில் பள்ளிகொண்டிருக்கும் வடபத்ரசாயியினுடையது என்பதை வாத்தியார் கறாராகச் சொன்னார். தமிழ்நாடு அரசின் முத்திரையில் இருப்பது இதுதான் என்று பிள்ளைகள் படிக்கிறார்கள். இல்லை, மதுரை மேற்குக் கோபுரம் என்று வாதாடுகிறவர்களும் உண்டு. இந்த வழக்கில் அவர் எந்தக் கட்சியிலும் சேரவில்லை. ஆண்டாள் கையிலிருக்கும் கிளியைத் தினந்தோறும் புதிதாக இலைகளால் கட்டுகிறார்கள், மாதுளம்பூவை மூக்காக வைக்கிறார்கள் என்பதைத்தான் நின்று நிதானமாகச் சொன்னார். ஒரு நாள் வாழ்கிற கிளி! சிநேகிதரின் மனைவி அரைக் கிலோ பால்கோவா வாங்கினாள். 2019இல் அதற்குப் புவிசார் குறியீடு கிடைத்ததைக் கடைக்காரர் பெருமையாகச் சொல்லி, இன்னொரு அரைக் கிலோவையும் தலையில் கட்டினார்.

அங்கிருந்து கிழக்கே திரும்பினால் பூமியின் நிறமே மாறிவிடுகிறது. மேற்கு மலையின் பச்சை முதுகுக்குப் பின்னால் போய்விடும், எதிரே கரிசல். மழை பெய்தால் காலை விடாது, காய்ந்தால் கால் நுழையும் அளவுக்கு வெடித்துக் கிடக்கும் கரிசல். வழி நெடுக வயற்காட்டு நடுவில் சின்னச் சின்ன அறைகள், ஒன்றுக்கொன்று எட்ட எட்ட, தனித்தனியாக நின்றன. கோழிப் பண்ணையோ என்று கேட்டார் சிநேகிதர். "பட்டாசு ஆபீஸ்" என்றான் டிரைவர். இந்தப் பக்கத்தில் தொழிற்சாலை என்று யாரும் சொல்லுவதில்லை. தீப்பெட்டி ஆபீஸ், பட்டாசு ஆபீஸ் என்றுதான் சொல்லுவார்கள். ஒரு அறை வெடித்தால் அடுத்த அறைக்குத் தாவக்கூடாது என்பதற்காகத்தான் அந்த இடைவெளி. ஓடுவதற்குச் சௌகரியமாகச் சுற்றிலும் வாசல்.

வெம்பக்கோட்டையில், விஜயகரிசல்குளத்து மேட்டுக்காட்டுக்குப் போனோம். வைப்பாற்றங்கரையில் இருக்கும் மேடு. 2022இல் தொல்லியல் துறையார் இங்கே தோண்ட ஆரம்பித்தார்கள். பிறகு 2023, 2024ஆம் வருஷங்களிலும் தோண்டினார்கள். சுடுமண் பொம்மைகள், கண்ணாடி மணிகள், பொன் நகைத் துணுக்குகள் என்று ஆயிரக்கணக்கில் கிடைத்திருக்கின்றன. என் மனசைப் பிடித்தவை சங்கு வளையல் துண்டுகள். அறுத்த சங்கு, அரைகுறையாக ராவிய சங்கு, வேலை முடிந்து உடைந்து போனவை. கடலுக்கு இவ்வளவு தூரத்தில் சங்கு எப்படி வந்தது? வாத்தியார் ஆற்றைக் காட்டினார். "இந்த வைப்பாறு போய்ச் சேருகிறது மன்னார் வளைகுடாவில். சங்கு விளைகிற கடல் அது." பிறகு கொஞ்ச நேரம் கழித்து, "அப்போதும் இந்த ஊர் கைவேலைதான் செய்து பிழைத்திருக்கிறது" என்றார்.

சிவகாசியில் சாப்பாட்டுக்கு மட்டும் நின்றோம். ஊரே கோடவுன்களும் அச்சு மைவாசனையுமாக இருக்கிறது. அய்ய நாடாரும் சண்முக நாடாரும் 1922இல் கல்கத்தாவுக்குப் போய்த் தீப்பெட்டித் தொழில் கற்று, அடுத்த வருஷமே திரும்பி வந்த கதை எல்லாருக்கும் தெரிந்தது. தீப்பெட்டிக்கு லேபிள் வேண்டும், லேபிளுக்கு அச்சகம் வேண்டும், அச்சகத்திலிருந்து காலண்டர். மருந்தைத் தொட்டுப் பழகிய கைக்குப் பட்டாசு தூரமில்லை. மழை பொய்த்த சீமைக்கு அந்த வறட்சியே மூலதனமாயிற்று. ஈரக் காற்றில் மருந்து காயாது அல்லவா?

சாயங்காலம் திருத்தங்கல். நின்ற நாராயணப் பெருமாள் எழுந்தருளியிருக்கும் குன்று. நூற்றெட்டுத் திருப்பதிகளில் ஒன்று. சங்க காலத்தில் இதற்குத் தங்கால் என்று பெயர். தங்கால் பொற்கொல்லன் வெண்ணாகனார் என்று ஒரு புலவர் இருந்தார். பகலில் பொன்னைத் தட்டி, ராத்திரியில் பாட்டுக் கட்டியிருப்பார் போலும்! தரிசனம் முடிந்து படியில் உட்கார்ந்தோம். காற்று சுகமாக வீசிற்று. அப்போதுதான் வாத்தியார் தம்முடைய விரதத்தைத் தாமே முறித்துக்கொண்டு, கண்ணால் காண முடியாத ஒன்றைச் சொல்ல ஆரம்பித்தார்.

சிலப்பதிகாரத்தில் மதுரையின் தெய்வம் கண்ணகிக்குச் சொல்லும் கதை அது. இந்தத் தங்காலில் வார்த்திகன் என்று ஓர் அந்தணன். அவனுடைய சிறு பிள்ளை மழலை மாறாத வாயால் பிழையில்லாமல் வேதம் சொல்லக் கேட்டு, சோழ நாட்டிலிருந்து வந்த பராசரன் என்பவன் மகிழ்ந்து போய் ஆபரணங்களைக் கொடுத்துவிட்டுப் போனான். ஏழை வீட்டில் திடீரென்று நகை மின்னினால் அக்கம்பக்கம் சும்மா இருக்குமா? புதையலை எடுத்து ஒளித்துவிட்டான் என்று வார்த்திகனைச் சிறையில் வைத்தார்கள் காவலர்கள். அவன் மனைவி கார்த்திகை மண்ணில் புரண்டு அழுதாள். அன்று கொற்றவை கோயில் கதவு திறக்க மறுத்துவிட்டது. பாண்டியன் பதறிப் போய், என் ஆட்சியில் எங்கே பிழை நடந்தது என்று விசாரித்தான். விஷயம் தெரிந்ததும் வார்த்திகன் எதிரில் தரையில் விழுந்து மன்னிப்புக் கேட்டான். திருத்தங்காலையும் வயலூரையும் அவனுக்குக் கொடுத்தான். புதையல் கிடைத்தால் கண்டெடுத்தவனுக்கே சொந்தம் என்று பறையும் அறைவித்தான். (இன்றைக்கு இதைச் சொல்லிக்கொண்டு யாரும் மேட்டுக்காட்டில் மண்வெட்டியோடு இறங்கிவிட வேண்டாம். 1878ஆம் வருஷத்துச் சட்டப்படி, பத்து ரூபாய்க்கு மேல் பெறுமானமுள்ள புதையலைக் கலெக்டரிடம் சொல்லியாக வேண்டும்.)

"ஒருத்தன். ஒரே ஒருத்தன் நியாயமில்லாமல் உள்ளே இருந்தான். கதவு மூடிக்கொண்டது" என்றார் வாத்தியார். கதை முடிந்துவிட்டது என்று நாங்கள் எழுந்தோம். அவர் ஜாபிதாவை விரித்து டிரைவரிடம், "ரெங்கபாளையம் வழியாக விடு, தம்பி" என்றார்.

"வேண்டாம் சார்" என்றான் அவன். காலையிலிருந்து அவன் மறுத்துப் பேசிய முதல் வார்த்தை அது.

"விடுப்பா."

எம். புதுப்பட்டிக்குப் பக்கத்தில்தான் ரெங்கபாளையம். 2023ஆம் வருஷம் அக்டோபர் 17ஆம் தேதி, தீபாவளிக்கு முந்தின மாதம், அங்கே ஒரு பட்டாசு நிலையத்தில் தீப் பிடித்தது. அன்றைக்கே கிச்சநாயக்கன்பட்டியிலும் ஒரு வெடிவிபத்து. இரண்டிலுமாகப் பதினான்கு பேர் போனார்கள், பெரும்பாலும் பெண்கள். இறந்தவர் குடும்பத்துக்கு மூன்று லட்சம் ரூபாய் என்று சர்க்கார் அறிவித்தது. அதற்கு முன்னால், 2012 செப்டம்பர் 5ஆம் தேதி முதலிப்பட்டியில் ஏறக்குறைய நாற்பது பேர். வாத்தியார் தேதிகளை ஒப்பித்த மாதிரி சொன்னார், ராஜாக்கள் பட்டத்துக்கு வந்த வருஷங்களைச் சொல்லுகிற அதே குரலில்.

ஊருக்கு வெளியே வண்டியை நிறுத்தச் சொன்னார். பார்க்க ஒன்றும் இல்லை. வேப்ப மரம், கருவேலம் புதர், தூரத்தில் ஆடுகள். சிநேகிதர் பழக்கதோஷத்தில் காமிராவை எடுத்தார். டிரைவர் வண்டியைவிட்டு இறங்கி வந்தான்.

"படம் எடுக்காதீங்க சார். நீங்க ஊருக்குப் போய் நாலு பேர்கிட்ட காட்டுவீங்க. ஐயோ பாவம், இந்தத் தொழிலையே மூடணும்னு அவங்க சொல்லுவாங்க. மூடினா எங்கம்மாவுக்கு நீங்களா சோறு போடுவீங்க?"

"மூடச் சொல்லி யார் கேட்டார்கள்?" என்றார் வாத்தியார். "செத்தவர்கள் செத்த இடத்தைத் தாண்டி, சங்கு வளையலைக் காட்டப் போகிறேனே, அது மட்டும் சரியா? ரெண்டாயிரம் வருஷம் கழிந்தால்தான் அது சரித்திரமாகுமா?"

"நாளன்னிக்கு அவங்க வேலைக்குப் போகணும் சார். இந்த வழியில நின்னு நின்னு பார்த்தா எப்படிப் போறது?"

இருவருமே சரி என்றுதான் எனக்குப் பட்டது. அதனால் வாயைத் திறக்கவில்லை. சிநேகிதர் காமிராவைப் பைக்குள் வைத்துவிட்டார். பிறகு ஒருவரும் பேசாமல் வண்டியில் ஏறினோம்.

போகிற வழியில் வாத்தியார் தாமாகவே சொன்னார். 1973இல் அவர் உத்தியோகத்துக்கு வந்த புதிதில், விடிவதற்கு முன்னே தீப்பெட்டி ஆபீஸ் வண்டிகள் ஊருக்குள் வந்து ஹாரன் அடிக்கும்; தூங்குகிற பிள்ளைகளைத் தாய்மார்கள் தோளில் தூக்கிக்கொண்டு வந்து ஏற்றுவார்கள். பகலில் அவர் ஆஜர் பட்டியலை எடுத்தால் பாதிப் பெயருக்குப் பதில் வராது. 1996 டிசம்பரில் உச்ச நீதிமன்றம், சிவகாசிப் பிள்ளைகளுக்காகத் தொடர்ந்த வழக்கில், ஒவ்வொரு குழந்தைக்கும் முதலாளி இருபதாயிரம் ரூபாய் கட்ட வேண்டும் என்று தீர்ப்புச் சொன்னது. "அதற்குள் என் பிள்ளைகள் பிள்ளை பெற்றுவிட்டார்கள்" என்றார்.

எம். புதுப்பட்டியில் டிரைவரின் வீட்டு வாசலில்தான் வண்டி நின்றது. தேநீர் சாப்பிட்டுவிட்டுத்தான் போகவேண்டும் என்று அவனே வற்புறுத்தினான், கோபம் ஆறியிருந்தது. சனிக்கிழமை சம்பள நாள். அவனுடைய தாயார் அப்போதுதான் வேனிலிருந்து இறங்கி வந்திருந்தாள். ஐம்பத்தைந்து வயது இருக்கும். இரண்டு கையும் முழங்கை வரைக்கும் வெள்ளி முலாம் பூசினாற் போல மின்னின, அலுமினியப் பொடி. வாத்தியாரைக் கண்டதும் கையைப் புடவையில் மறைத்துக்கொண்டு, "வாங்க சார்" என்றாள்.

"மூன்றாம் வகுப்பில் பதினேழாம் நம்பர்" என்று எங்களுக்கு அறிமுகம் செய்து வைத்தார் வாத்தியார். "ஒரு வாரம் வந்தாள்."

"ரெண்டு வாரம் சார்" என்றாள் அவள்.

சிநேகிதரின் மனைவி பால்கோவாப் பொட்டலத்தை அவிழ்த்து அவளுக்கும் கொடுத்து, "ஆண்டாள் கோயிலுக்கெல்லாம் போவீர்களா, அம்மா?" என்று கேட்டாள்.

"கல்யாணம் ஆன வருஷம் ஆடிப்பூரத் தேருக்குப் போனதுதான். வெம்பக்கோட்டை வழியா எங்க வேன் தினம் போகும். அந்த மேட்டுல என்னமோ தோண்டுறாங்க, என்னன்னுதான் தெரியலை."

"வளையல்" என்றார் வாத்தியார்.

"வளையலா?" அவள் தன் கையைப் பார்த்துக்கொண்டாள். மருந்து அறைக்குள் போகிறவள் உலோகம் எதுவும் போட்டுக்கொள்ளக் கூடாதோ என்னவோ, கை வெறுமையாக இருந்தது.

வாத்தியார் ஜாபிதாவின் பின்பக்கத்தில் எதையோ குறித்தார். "நாளைக்கு ஞாயிற்றுக்கிழமைதானே? நீயும் வா. வண்டியில் மூன்று பேருக்கு இடம் இருக்கிறது. அடுத்த வீட்டுக்காரியையும் கூப்பிடு."

"துணி துவைக்கணுமேம்மா நாளைக்கு" என்றான் பையன்.

அவள் அவனைப் பார்க்கவில்லை.

"எத்தனை மணிக்கு சார் வண்டி?"

"காலை ஆறு மணிக்கு."

"அவ்வளவு நேரங்கழிச்சா!" என்றாள்.