பல்லில் இல்லாத வலி

தமிழ்த்துறை மலருக்குக் கட்டுரை வேண்டும் என்று மாணவ ஆசிரியர் குழுவினர் வந்து கேட்டபோது, சிலப்பதிகாரத்தைப் பற்றியோ சீறாப்புராணத்தைப் பற்றியோ நான் எழுதித் தருவேன் என்றே எதிர்பார்த்திருப்பர். இம்முறை என் தாடையைப் பற்றி எழுதுகிறேன். நகைக்க வேண்டா. ஏறத்தாழ ஓராண்டுக் காலம் ஆகாரத்தை வகுப்பில் ஒலித்துக் காட்ட இயலாமல் நின்ற தமிழாசிரியன் நான்.

எழுத்துகளின் பிறப்பைப் பாடம் நடத்துவோர் அறிவர்: தலை, மிடறு, நெஞ்சு, பல், இதழ், நா, மூக்கு, அண்ணம் என எட்டு இடங்களைத் தொல்காப்பியர் எண்ணுகிறார். தாடை அவ்வரிசையில் இல்லை. ஆயினும் அகரமும் ஆகாரமும் அங்காத்தலால் பிறப்பன என்கிறோமே, அந்த அங்காத்தலைச் செய்து தருபவை காதுகளுக்குச் சற்று முன்னே, இருபுறமும் ஒளிந்திருக்கும் இரண்டு சிறு மூட்டுகள். அவை நலமாக இருக்கும்வரை அப்படி இரண்டு இருப்பதே நம் நினைவுக்கு வருவதில்லை.

2018ஆம் ஆண்டு ஆவணி மாதத்தில் எனக்கு அந்த நினைவு வந்தது. முதலில் கொட்டாவி விடும்போது இடக்காதருகே 'டக்' என்று ஓர் ஓசை கேட்டது. பின்னர் அவ்விடத்தில் ஒரு மந்தமான வலி. காலையில் எழும்போதே கன்னம் கனத்திருக்கும், நெற்றிப்பொட்டு தெறிக்கும். காதுவலி என்று எண்ணிச் சொட்டுமருந்து விட்டேன். வலி கீழிறங்கிக் கடைவாய்ப்பல்லுக்கு வந்தது போலத் தோன்றவே, பல் மருத்துவர் ஒருவரிடம் சென்றேன். பல்லைப் பிடுங்கினார்கள். புண் ஆறியது, வலி மட்டும் இருந்த இடத்திலேயே இருந்தது. அடுத்த பல்லையும் எடுத்துப் பார்க்கலாம் என்று நாளும் குறித்தாயிற்று.

சிவகாசிக்கு அருகே உள்ள எங்கள் சிற்றூருக்குச் சென்று அம்மாவிடம் முறையிட்டேன். குச்சி அடுக்கியும் பெட்டி ஒட்டியும் எங்கள் மூவரையும் படிக்கவைத்தவர் அவர். "பல்லைக் கடிச்சுக்கிட்டு இரு தம்பி, தானாப் போயிரும்" என்றார். அந்த அறிவுரைதான் என் நோய் என்பது அப்போது எனக்குத் தெரியாது.

இரண்டாம் பல்லுக்குக் குறித்த நாளுக்கு முன்னதாக, நண்பர் ஒருவர் வற்புறுத்தி என்னை மதுரைக்கு அழைத்துச் சென்றார். அங்கிருந்த மருத்துவர் அம்மையார் என் வாய்க்குள் பார்ப்பதற்கு முன் இரு காதுகளுக்கும் முன்னே விரல்களை வைத்து, மெல்லத் திறக்கவும் மூடவும் சொன்னார். கன்னத் தசையை அழுத்தினார், நான் துள்ளினேன். என் மூன்று விரல்களை நெடுக்காக அடுக்கி வாய்க்குள் வைக்கச் சொன்னார், இரண்டுதான் நுழைந்தன. "இரவில் பல்லைக் கடிப்பீர்களா?" என்று கேட்டார். இல்லை என்றேன். "நறநறவென்று கேட்கும் டாக்டர், சில நாள் நானே எழுந்து உட்கார்ந்துவிடுவேன்" என்றார் உடன் வந்திருந்த என் மனைவி.

பிறகு அவர் விளக்கியதை எளிய நடையில் தருகிறேன். தாடை மூட்டு கதவுக் கீல் போன்றது அன்று. வாயைச் சிறிது திறக்கும்போது அது சுழல்கிறது. மேலும் திறக்கும்போது குழியைவிட்டு முன்னோக்கி வழுக்கிச் செல்கிறது. எலும்புக்கும் எலும்புக்கும் இடையே ஒரு மெல்லிய தட்டு உண்டு. அத்தட்டு இடம் பிறழ்ந்தால் 'டக்' என்ற ஓசை எழும். வலியில்லாத வெறும் ஓசைக்கு மருத்துவமே தேவையில்லையாம். பெரும்பாலோர்க்கு வலிப்பது மூட்டுக்கூட அன்று. அதை இயக்கும் தசை. மெல்லும்போதும் விழுங்கும்போதும் அன்றி மேற்பல்லும் கீழ்ப்பல்லும் ஒன்றையொன்று தொடவே கூடாது; உதடுகள் மூடியிருக்க, பற்கள் விலகியிருப்பதே தாடையின் ஓய்வுநிலை. நானோ விடைத்தாள் திருத்தும்போதும், பேருந்துக்கு நிற்கும்போதும், தூக்கத்திலும்கூடப் பற்களை இறுக்கிக்கொண்டே இருந்திருக்கிறேன். அவ்வாண்டு வீடு கட்டக் கடன் வாங்கியிருந்தேன் என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன்.

மருத்துவம் எனக்கு ஏமாற்றமாகவே இருந்தது. ஊசியோ அறுவையோ எதிர்பார்த்துச் சென்றவனுக்குக் கிடைத்தவை சில வாரங்களுக்குக் குழைந்த சோறு, வெந்நீர்த் துணி ஒற்றடம், கொட்டாவி வந்தால் மோவாயைக் கையால் தாங்குதல், தாடைக்கு மெல்லிய பயிற்சி, சில நாள்களுக்கு வலி மாத்திரை, இரவில் பற்களின்மேல் அணிந்துகொள்ள ஓர் உறை. "திரும்பப் பெற முடியாத எதையும் முதலில் செய்யக்கூடாது சார். பல்லைப் பிடுங்குவதும் ராவுவதும் கடைசியில் யோசிக்க வேண்டியவை" என்றார். மூட்டைக் கழுவும் முறையும் அறுவை மருத்துவமும் உண்டு; அவை தேவைப்படுவோர் மிகச் சிலரே என்றும் சொன்னார். மூன்று மாதத்தில் வலி பாதியானது. எட்டாம் மாதம் மூன்றாம் விரல் வாய்க்குள் நுழைந்தது. இழந்த பல் இழந்ததுதான்.

இதோடு முடிந்திருந்தால் இதைக் கட்டுரையாக்கியிரேன். என் தாடை தேறிய பின்னரே அம்மாவின் கன்னம் என் கண்ணில் பட்டது. 2011 முதல் அவருக்கு வலக்கன்னத்தில் வலி. உள்ளூரில் ஒவ்வொன்றாக நான்கு பற்களை எடுத்தாயிற்று. பேருந்தில் சன்னலோரம் அமரமாட்டார். காற்றுப் படாமல் முந்தானையால் கன்னத்தை மூடிக்கொள்வார். முதுமையின் பழக்கம் என்றே நாங்கள் இருந்துவிட்டோம். ஏழாண்டுகள்! தமிழ் படித்த மகன் ஒருவன் வீட்டில் இருந்தும் ஏழாண்டுகள்.

அவரையும் அதே மருத்துவரிடம் அழைத்துச் சென்றேன். அம்மா முதலில் கேட்ட கேள்வி இது: "தீப்பெட்டி மருந்து எலும்புல இறங்கிருச்சுன்னு ஊர்ல சொல்றாக. மெய்யாத்தானா தாயீ?" நான் கூச்சப்பட்டேன். மருத்துவரோ, "நல்ல கேள்வி கேட்டீர்கள் அம்மா. நூறு வருடத்துக்கு முன்னால் கேட்டிருந்தால் ஆமாம் என்றுகூடச் சொல்லியிருப்பேன்" என்றார்.

அதன்பின் நூல்களைத் தேடிப் படித்தேன். 19ஆம் நூற்றாண்டில் ஐரோப்பாவில் தீக்குச்சி முனையில் வெண்பாஸ்பரஸ் சேர்த்தனர். அதன் புகையை நாளும் மூச்சில் வாங்கிய தொழிலாளர்க்கு முதலில் வெறும் பல்வலி வரும். பல்லைப் பிடுங்குவர், குழி ஆறாது, சீழ் கட்டித் தாடை எலும்பே செத்து உதிரும். 1845இல் வியன்னா மருத்துவர் லோரின்சர் இந்நோயை முதன்முதலாக விவரித்து எழுதினார். 1888இல் லண்டன் பிரையண்ட் அண்டு மே தீப்பெட்டி ஆலையின் பெண்கள், அபராதங்களையும் குறைகூலியையும் எதிர்த்து வேலைநிறுத்தம் செய்தனர். வேலை செய்யும் இடத்திலேயே உணவு உண்ண வேண்டியிருந்த நிலை மாறி, உண்பதற்குத் தனியிடம் பெற்றதும் அப்போராட்டத்தின் பயன்களுள் ஒன்று. அவர்தம் துயரைப் பத்திரிகையில் எழுதி உலகறியச் செய்தவர், நாம் அடையாற்றோடு சேர்த்தே நினைக்கும் அன்னி பெசன்ட் அம்மையார்தாம். 1906இல் பெர்ன் நகரில் நாடுகள் கூடி வெண்பாஸ்பரஸ் தீக்குச்சிக்குத் தடை உடன்பாடு கண்டன. இந்தியாவிலும் 1913இல் தடைச்சட்டம் வந்தது. அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா சென்று தொழில் கற்றுத் திரும்பிச் சிவகாசியில் தீப்பெட்டித் தொழிலைத் தொடங்கியது 1923இல். பத்தாண்டு இடைவெளி. அந்தச் சட்டம் முந்திக்கொண்டிராவிட்டால் எங்கள் ஊர்ப் பெண்களின் முகங்கள் என்னவாகியிருக்கும் என்று எண்ணிப் பார்த்து, அன்றிரவு எனக்கு உறக்கம் வரவில்லை. பாதுகாப்புத் தீப்பெட்டியின் பக்கவாட்டில் பூசப்படுவது செம்பாஸ்பரஸ்; அது தாடையைத் தின்னும் இனத்தது அன்று. எங்கள் பகுதித் தொழில்களின் வெடிவிபத்தும் தீக்காயமும் வேறு கதை. முகத்துத் தீப்புண் ஆறும்போது தோல் சுருங்கி வாய் திறவாமல் போனவர்களை நான் கண்டிருக்கிறேன்.

அம்மாவின் வலி இவை எதுவும் அன்று. "வலி எவ்வளவு நேரம் நிற்கும்?" என்று மருத்துவர் கேட்டார். "மின்னல் வெட்டுனாப்ல. கண்ணை மூடித் தெறக்கங்குள்ள போயிரும், மறுபடி வரும்" என்றார் அம்மா. முகம் கழுவும்போது? வரும். வாய் கொப்பளிக்கும்போது? வரும். வலப்பக்கத்தை நனைத்தே பல மாதங்களாகின்றன என்று அப்போதுதான் சொன்னார். முகத்தின் உணர்வை மூளைக்கு எடுத்துச் செல்லும் முக்கிளை நரம்பின் நோய் இது என்றார் மருத்துவர். மூளையின் அடித்தண்டருகே இரத்தக்குழாய் ஒன்று அந்நரம்பை அழுத்துவதால் பெரும்பாலும் வருவது. எம்.ஆர்.ஐ. படம் எடுத்துப் பார்த்து, நரம்பியல் மருத்துவர் கார்பமசிபின் என்ற மாத்திரையைச் சிறிய அளவில் தொடங்கினார். வலிப்பு நோய்க்கும் தரப்படுகின்ற மருந்து அது. முதல் வாரம் தலைசுற்றல் இருந்தது. இடையிடையே இரத்தப் பரிசோதனை செய்துகொள்ள வேண்டும். தாமாக நிறுத்தவும் கூடாது.

ஒரே வீட்டில் இரண்டு முகங்கள். இரண்டையும் பல்வலி என்றோம். ஒன்று மந்தமாக நாள் முழுதும் இழுப்பது. மற்றொன்று நொடியில் வெட்டிச் செல்வது. எவ்வளவு நேரம், எப்போது, எதைச் செய்தால் என்ற மூன்று கேள்விகளை எவரேனும் கேட்டிருந்தால் ஐந்து பற்கள் மிஞ்சியிருக்கும்.

ஊர்ப் பெரியவர்கள் இம்மலரைப் படிப்பார்கள் ஆதலின் மருத்துவர் சொன்ன வேறு சிலவற்றையும் குறித்துவிடுகிறேன். நடக்கும்போதோ மாடி ஏறும்போதோ தாடை வலித்து, நின்றால் தணியுமானால் அது இதயத்தின் குரலாக இருக்கலாம். பல் மருத்துவரிடம் போகவேண்டா, உடனே இதயத்தைப் பாருங்கள். எலும்புத் தேய்வுக்கோ புற்றுநோய்க்கோ எலும்பை வலுவாக்கும் மருந்து எடுப்போர், பல் பிடுங்குமுன் அதைக் கட்டாயம் சொல்ல வேண்டும். அம்மருந்துகளுள் சிலவற்றால் தாடை எலும்பு ஆறாமல் போவது 2003 முதல் மருத்துவ உலகில் பேசப்படுகிறது. பழைய தீப்பெட்டித் தாடைநோயின் சாயலே அதற்கும் உண்டு. பாக்கும் குட்காவும் மெல்லும் இளைஞர்க்கு வாய் திறப்பது நாளுக்குநாள் குறைந்தால் அது தாடை மூட்டின் குற்றமன்று. கன்னத்தின் உட்புறம் நாராய் இறுகுகிறது, பின்னாளில் புற்றாகவும் மாறலாம். மூன்று விரல் சோதனையை விடுதி மாணவர்கள் இன்றிரவே செய்து பார்க்கலாம்.

மருந்து தொடங்கி ஆறாம் வாரம் ஊருக்குப் போயிருந்தேன். விடியற்காலை. அம்மா குழாயடியில் குனிந்து நின்று, இரு கைகளாலும் தண்ணீரை அள்ளி முகம் முழுவதும் அறைந்து கழுவிக்கொண்டிருந்தார். நான் பார்ப்பதைக் கண்டு நிமிர்ந்தார். "இந்தப் பக்கத்துக்குப் பல்லுக் கட்டிவிடச் சொல்லு தம்பி. சாத்தூர்ச் சேவு தின்னு எத்தனை வருசமாச்சு" என்றார்.

கட்டிக்கொண்டார்; தின்கிறார். எனக்கு அந்தச் சேவு இன்றளவும் விலக்கு.