இருபது இலட்சத்தின் விலை

வட்டி ஹராம் என்பதை நீங்கள் அறிவீர்கள். அதன் கணக்கை அறிவோமா?

மாமல்லபுரம் சாலையில் உள்ள கோவளத்திலிருந்து என் மாணவன் ஒருவனின் தந்தை வந்திருந்தார். செங்கல்பட்டில் வீடு வாங்க 20 இலட்சம் ரூபாய் வங்கிக் கடன், 9 சதவிகித வட்டி, 20 ஆண்டுகள்.

"மாதம் 17,995 ரூபாய்தான், ஹஜ்ரத். வாடகை மாதிரிக் கட்டிவிடலாம்" என்றார்.

நான் கலைப் பட்டதாரி. கணக்கில் வல்லவன் அல்லன். எனினும் மத்ரஸாவின் கரும்பலகையில் இருவரும் பெருக்கிப் பார்த்தோம். 240 தவணைகளுக்கு 43,18,800 ரூபாய்! முதல் தவணையில் 15,000 ரூபாய் வட்டிக்கே போகும். அசலில் கழிவது 2,995 மட்டுமே. ஐந்தாண்டுகளில் ஏறக்குறைய 10 இலட்சத்து 80 ஆயிரம் செலுத்திய பின்னரும் 17 இலட்சத்து 74 ஆயிரம் அசல் நிற்கும்.

அதுவும் வட்டி மாறாதிருந்தால்தான். 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை 4 சதவிகிதத்திலிருந்து 6.5 ஆக உயர்த்தியது. பலருக்குத் தவணைத் தொகை அப்படியே இருந்தது, ஆண்டுகள்தாம் நீண்டன.

கடனை எழுதிக்கொள்ளப் பணிக்கும் அல்பகரா 282 ஆம் வசனத்தை ஆண்டுதோறும் கற்பிக்கிறேன். எழுதியதைப் படித்துப் பார்க்க வேண்டுமென்று ஒரு நாளும் நான் அழுத்திச் சொன்னதில்லை.

ஏற்கெனவே கடனில் சிக்கியோர் ஒன்றறிக: மாறும் வட்டியிலான வீட்டுக்கடனை முன்னதாக அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கலாகாதென ரிசர்வ் வங்கி 2012 இலேயே ஆணையிட்டுள்ளது. கையில் மிஞ்சுவதை அசலில் செலுத்துங்கள்.

வந்தவர் நெடுநேரம் கரும்பலகையையே பார்த்திருந்தார். பின்னர்த் தாளை மடித்துக்கொண்டு, "வீட்டில் கலந்து பேசுகிறேன், ஹஜ்ரத்" என்று எழுந்தார்.