நாற்பது சென்ட்

சென்ற ஆண்டு நாட்டு நலப்பணித் திட்ட முகாமுக்காக மாணவர்களுடன் சித்தேரி மலைக்குச் சென்றபோது, என் பையில் ஒரு வக்காலத்துப் படிவம் மடித்து வைக்கப்பட்டிருந்தது. நான் கையெழுத்திட வேண்டிய இடத்தைப் பெரியப்பா மகன் பென்சிலால் வட்டமிட்டிருந்தார்.

வழக்கு எங்கள் ஊர்த் தொடக்கப்பள்ளி நிலம் பற்றியது. 1958இல் கடம்பத்தூரில் தொடங்கிய பள்ளிச் சீரமைப்பு மாநாடுகளின் அலை அடுத்த சில ஆண்டுகளில் எங்கள் ஊருக்கும் வந்தது. நெ.து. சுந்தரவடிவேலு கல்வி இயக்குநராக இருந்த காலம். ஊரார் நாற்காலி, மணி, கரும்பலகை என்று கொடுத்தார்கள். தாத்தா சாலையோரத்து நாற்பது சென்ட்டைக் கொடுத்தார், வாய்வார்த்தையாக. அசையாச் சொத்தைத் தானமாக வழங்கப் பதிவு செய்த பத்திரம் வேண்டும் என்று 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம் சொல்வதை அவர் அறிந்திருக்க நியாயமில்லை. அறிந்திருந்தாலும், கொடுத்ததற்குப் பத்திரம் எதற்கு என்றுதான் கேட்டிருப்பார்.

பிறகு சாலை அகன்றது. நிலத்தின் விலை ஏறியது. ஒரு கோடை விடுமுறையில் பள்ளிச் சுற்றுச்சுவர் இடிக்கப்பட்டு, அவ்விடத்தில் ஆறு கடைகள் எழுந்தன. நான் சடுகுடு ஆடிய மண்ணில் இப்போது கைப்பேசிக் கடையும் இறைச்சிக் கடையும். வாடகைப் பணம் பள்ளியின் சுண்ணாம்புக்குக்கூட வந்ததாகத் தெரியவில்லை.

"தாத்தா கொடுத்தது பள்ளிக்கூடத்துக்கு, கடைக்கு இல்லை தம்பி. நோக்கம் போச்சுன்னா நெலம் நமக்குத்தானே?" என்றார் அண்ணன். என்னால் உடனே மறுக்க முடியவில்லை. உண்மையைச் சொல்வதானால், என் பங்குக்கு எவ்வளவு வரும் என்று ஒருமுறை மனத்துக்குள் கணக்கும் போட்டிருந்தேன். வீட்டுக்கடன் நிலுவை இருக்கிறது.

சித்தேரியில் கண்ணுக்கு எட்டிய மட்டும் சரிவுகள். சாமையும் வரகும்கூடச் சரிவில்தான் விளைகின்றன. நாங்கள் தங்கியிருந்த பள்ளியின் முன்னால் மட்டும் ஒரு சிறு சமதளம். மாலையில் பிள்ளைகள் அங்கே பந்தை உதைத்துக்கொண்டிருந்தார்கள். அறுவடையைக் காயப்போட இவ்வளவு நல்ல இடம் வேறில்லையே என்று அருகில் நின்ற முதியவரிடம் சொன்னேன். "புள்ளைங்க லீவுல போனா போடுவோம் சார். அதுங்க வந்துட்டா எடுத்துருவோம். அது அதுங்க எடம்" என்றார்.

அன்றிரவு உறக்கம் வரவில்லை. சட்டத்தின் துணையையும் தேடிப் பார்த்தேன். 1991இல் பெங்களூரில் பூங்காவுக்கென ஒதுக்கிய இடத்தைத் தனியார் மருத்துவமனைக்குக் கொடுத்ததை உச்ச நீதிமன்றம் செல்லாது என்றது. வழக்குத் தொடுத்தவர்கள் நிலத்தின் வாரிசுகள் அல்லர், அக்கம்பக்கத்தில் குடியிருந்தவர்கள். 2023இல் ஹரியானாவின் ஒரு சிற்றூரில், பள்ளி விளையாட்டுத்திடலை ஆக்கிரமித்தவர்கள் சந்தை விலையைக் கட்டி அதை வைத்துக்கொள்ளலாம் என்ற உயர் நீதிமன்ற ஆணையை அதே நீதிமன்றம் நீக்கியது. விளையாட்டுத்திடல் இல்லாத பள்ளி இருக்க முடியாது என்பது அதன் நிலைப்பாடு. 2009ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டமும் தன் அட்டவணையில் விளையாட்டுத்திடலைக் கட்டாயமாக்கியிருக்கிறது.

இவற்றையெல்லாம் படித்தபோது அண்ணனின் வாதத்தில் எங்கே பிசகு என்பது புலப்பட்டது. கடை கட்டியவர்கள் தவறு செய்தார்கள் என்பது மெய். அந்தத் தவற்றால் இழந்தவர்கள் நாங்கள் அல்லர், பிள்ளைகள். களவு போன பொருளை உரியவனிடம் சேர்க்காமல், ஒரு காலத்தில் அதைப் பரிசளித்தவன் வந்து எடுத்துக்கொள்வது எந்த ஊர் நியாயம்? மலையடிவாரத்து வாச்சாத்தி மக்கள் 1992இல் நேர்ந்த கொடுமைக்குத் தீர்ப்புப் பெற 2011 வரை காத்திருந்தார்கள். அத்தகைய பொறுமையை நான் ஒரு பங்குத்தொகைக்காகவா செலவிட வேண்டும்?

மறுநாள் அலைபேசிக்குச் சமிக்ஞை கிடைத்த ஒரு வளைவில் நின்று அண்ணனை அழைத்தேன். வாரிசாக ஒப்பமிட மாட்டேன், அப்பள்ளியின் பழைய மாணவனாக, கடைகளை அகற்றக் கோரும் மனுவில் முதல் ஒப்பம் என்னுடையது என்றேன். நெடுநேரம் மௌனம்.

"அப்போ நமக்கு ஒண்ணும் கெடையாதா?" என்றார்.

"கிடையாது அண்ணா. தாத்தா அப்போதே கொடுத்துவிட்டார்."

அவர் இணைப்பைத் துண்டித்தார். பொங்கலுக்கு எங்கள் வீட்டுக்கும் வரவில்லை. மனுவை வழக்கறிஞரிடம் கொடுத்திருக்கிறேன். அதில் இரண்டாம் ஒப்பத்துக்கான இடத்தைக் காலியாக விட்டு வைத்திருக்கிறேன்.