கல்லுப்பட்டியில் ஒரு சர்வதேச வடை

திருமங்கலத்தில் ராஜபாளையம் பஸ்ஸில் ஏறி, ஜன்னலோர ஸீட்டும் கிடைத்துவிட்டால், டி. கல்லுப்பட்டி ஒன்றும் பெரிய தூரமில்லை. ரோட்டின் இரண்டு பக்கமும் கரிசல். மழை பெய்தால் காலில் இருக்கும் செருப்பைப் பிடுங்கிக்கொள்ளும். பெய்யாவிட்டால் வெடித்துப் பிளந்து கிடக்கும். நடுத்தரமான மனநிலையே இல்லாத மண். அதில் பருத்தி, மக்காச்சோளம், உளுந்து. எதுவும் போடாத இடத்தில் சீமைக்கருவேலம்.

நான் ஊர் சுற்றிப் பார்க்கப் போகவில்லை. மாமா போன் பண்ணியிருந்தார்.

"மாப்ள, நீ பி.காம். படிச்சவன்தானே? ஒரு கணக்கு உதைக்குது. வந்து பார்த்துச் சொல்லு."

பி.காம். முடித்துப் பதினைந்து வருஷம் ஆகிறது. இத்தனை வருஷத்தில் என்னிடம் கணக்குக் கேட்ட ஒரே ஆள் என் மனைவிதான். அதுவும் வேறு மாதிரிக் கணக்கு. ஆகவே, உடனே கிளம்பிவிட்டேன்.

பஸ்ஸை விட்டு இறங்கியதும் எதிரே டீக்கடை. பெஞ்சில் மாமா. கையில் நான்காக மடித்த மண்டிச் சீட்டு. இரண்டு டீயும் இரண்டு உளுந்த வடையும் சொல்லிவிட்டுச் சீட்டை விரித்தார். அவர் உளுந்து போட்ட கணக்கு. விதை, உழவுக்கூலி, களையெடுப்பு, மருந்து, மூட்டை, வண்டி வாடகை, கமிஷன்... எல்லாம் வரிசையாக இருந்தது.

"2025-26-க்குக் குவிண்டாலுக்கு 7,800 ரூபா ஆதரவு விலைன்னு கவர்மெண்டு சொல்லுச்சு. பேப்பர்ல நானே படிச்சேன். மண்டியில அதுக்குக் கீழதேன் எடுத்தாங்க. வரவு இது, செலவு இது. ரெண்டையும் கழிச்சா, நாலு மாசம் நானும் உங்க அத்தையும் காட்டுல கெடந்ததுக்குக் கூலியைக் காணோம். எங்க போச்சு?"

கூட்டிப் பார்த்தேன். கழித்துப் பார்த்தேன். கணக்கில் தப்பே இல்லை. அதுதான் பிரச்னை.

"மண்டிக்காரர் என்ன சொன்னார் மாமா?"

"பர்மா உளுந்து எறங்கிருச்சுங்கிறாரு. பர்மாவுல எவனோ உளுந்து வெதைச்சதுக்கு, கல்லுப்பட்டியில நான் ஏன்யா காசு கொடுக்கணும்?"

கல்லூரியில் எனக்குப் பொருளாதாரம் எடுத்த வாத்தியார் இதற்கு நல்ல பதில் வைத்திருந்தார். 1817-ல் ரிக்கார்டோ எழுதியது. இங்கிலாந்து துணி நெய்யட்டும், போர்ச்சுக்கல் ஒயின் காய்ச்சட்டும், மாற்றிக்கொண்டால் இரண்டு நாட்டுக்கும் லாபம். பரீட்சையில் பத்து மார்க் கேள்வி. நான் எட்டு வாங்கினேன். ஆனால், மாமாவிடம் போய் ஒயின் உதாரணம் சொல்ல முடியுமா? எனவே, தட்டில் இருந்த வடையை எடுத்துக்கொண்டேன்.

"மாமா, இந்த வடையைப் பாருங்க. இது கல்லுப்பட்டி வடை இல்ல."

அடுப்பில் நின்ற அக்கா கரண்டியோடு திரும்பினார். "என்னாது?"

ஸார், நீங்களும் ஆபீஸ் வாசலில் ஒரு வடையை வாங்கிக் கையில் வைத்துக்கொண்டு இதைப் படிக்கலாம். சமாசாரம் உங்களுக்கும் பொருந்தும்.

முதலில் எண்ணெய். பாக்கெட் பாமாயில். ஊர் இந்தோனேஷியா அல்லது மலேஷியா. 1990-களின் ஆரம்பத்தில் சமையல் எண்ணெயில் நம் நாடு கிட்டத்தட்ட சொந்தக் காலில் நின்றது. 1994-ல் பாமாயில் இறக்குமதிக்குக் கதவைத் திறந்தார்கள். இன்றைக்கு நாம் தின்கிற எண்ணெயில் பாதிக்கு மேல் கப்பலில் வருவது.

அடுத்தது உளுந்து. 2021-ல் இந்தியாவும் மியான்மரும் ஓர் ஒப்பந்தம் போட்டன. வருஷத்துக்கு இரண்டரை லட்சம் டன் உளுந்தும் ஒரு லட்சம் டன் துவரையும் ஐந்து வருஷத்துக்கு அங்கிருந்து வாங்கிக்கொள்வதாக. அந்த வருஷம் மே மாதம் உளுந்து இறக்குமதிக்கு இருந்த அளவுக் கட்டுப்பாட்டையும் எடுத்துவிட்டார்கள்.

அப்புறம் மிளகு. இதன் கதை துப்பறியும் நாவல். இந்தியா-இலங்கை தடையற்ற வர்த்தக ஒப்பந்தம் 1998 டிசம்பரில் கையெழுத்தாகி 2000-ல் நடைமுறைக்கு வந்தது. வியட்நாமில் விளைந்த மிளகு கொழும்பில் இறங்கி, இலங்கை மிளகு என்று பாஸ்போர்ட் மாற்றிக்கொண்டு நம்மூருக்கு வருகிறது என்று கேரள, கர்நாடக விவசாயிகள் குமுறினார்கள். 2017 டிசம்பரில், கிலோ 500 ரூபாய்க்குக் குறைந்த மிளகை இறக்குமதி செய்யக் கூடாது என்று டெல்லி உத்தரவு போட்டது.

ஆசியான் நாடுகளோடு 2009 ஆகஸ்டில் கையெழுத்திட்டு 2010 ஜனவரி 1-ல் அமலுக்கு வந்த ஒப்பந்தம் இன்னொன்று. அதில், நம் விவசாயி சட்டென்று அடிபடக் கூடாது என்று வரியை மெதுவாகக் குறைக்க ஒரு தனிப் பட்டியல். அதில் இருப்பது கச்சா பாமாயில், சுத்திகரித்த பாமாயில், காபி, டீ, மிளகு. ஐந்தில் நாலு இந்த டீக்கடையிலேயே இருக்கிறது!

"ஆக, இந்த வடையில சுதேசி எதுன்னா, தூத்துக்குடி உப்பு, கருவேப்பிலை, அப்புறம் அக்காவோட கைப்பக்குவம்."

அக்கா சிரிக்கவில்லை. "நீங்க சிரிச்சுட்டுப் போயிருவீக தம்பி. ரஷ்யாக்காரன் சண்டை போட்ட வருஷம் எங்க பாடு எங்களுக்குத் தெரியும்."

உண்மை. 2022 பிப்ரவரியில் உக்ரைன் போர் தொடங்கியது. சூரியகாந்தி எண்ணெய்க்குத் தட்டுப்பாடு. போதாக்குறைக்கு, எங்கள் ஊரிலேயே எண்ணெய் பத்தவில்லை என்று இந்தோனேஷியா ஏப்ரல் 28-ல் பாமாயில் ஏற்றுமதிக்குத் தடை போட்டது. மே 23-ல் தடை நீங்கியது. மூன்றரை வாரம்தான். ஜகார்த்தாவில் ஒருவர் மைக் முன்னால் பேசினால் கல்லுப்பட்டியில் வடை இளைத்துப்போகிறது.

"வெலையை ஏத்துனா ஆளு வரமாட்டாக. ஏத்தலைன்னா அடுப்புக்குக் கட்டாது. வடையைச் சின்னதாத் தட்டுனேன். அதையும் கண்டுபிடிச்சுக் கேட்டாக" என்றார் அக்கா.

மாமா எழுந்தார். "உனக்கும் பதில் தெரியல. வா, எங்க ஊர் ஆடிட்டரைக் கேப்போம்."

அவர் கூட்டிக்கொண்டு போன இடம் காந்தி நிகேதன் ஆசிரமம். 1940-ல் ஜி. வெங்கடாசலபதி தொடங்கியது. மாமா சின்ன வயசில் அங்கே படித்தவர். மர நிழல், கூட்டிப் பெருக்கிய மண். மெயின் ரோட்டு ஹாரன் சத்தம்கூட உள்ளே வரும்போது குரலைத் தாழ்த்திக்கொள்கிற மாதிரி இருந்தது. வேப்பமரத்தடியில் உட்கார்ந்தோம்.

"ஆடிட்டர் எங்கே மாமா?"

"அவர் போய்ச் சேந்து அறுபது வருசத்துக்கு மேல ஆச்சு."

ஜே.சி. குமரப்பா! 1892-ல் தஞ்சாவூரில் பிறந்தவர். லண்டனில் கணக்குத் தணிக்கை படித்து, பம்பாயில் கோட்டும் சூட்டுமாக ஆடிட்டர் தொழில் பார்த்தவர். அமெரிக்காவில் சிரக்யூஸில் வணிக நிர்வாகமும் கொலம்பியாவில் பொருளாதாரமும் படித்தவர். 1929 மே மாதம் சபர்மதியில் காந்தியைப் பார்த்தார். அதற்குப் பிறகு கோட்டுக்கு வேலையில்லை. 1934-ல் தொடங்கிய அகில இந்திய கிராமத் தொழில் சங்கத்தின் செக்கும், கைக்குத்தல் அரிசியும், கைக்காகிதமும் அவர் பொறுப்பு. உடம்பு தளர்ந்த பிறகு 1950-களில் இந்தக் கல்லுப்பட்டிக்கு வந்து தங்கினார். 1960 ஜனவரி 30-ல், காந்தி மறைந்த அதே தேதியில் மறைந்தார்.

பி.காம். மூன்று வருஷத்தில் இவர் பெயரை எனக்கு ஒருத்தரும் சொல்லவில்லை. போர்ச்சுக்கல் ஒயின் தெரியும். பக்கத்து ஊரில் இருந்த ஆடிட்டரைத் தெரியாது.

மாமாவுக்குப் பள்ளிக்கூடத்தில் கேட்டது இன்னும் நினைவில் இருந்தது. விரல் விட்டு எண்ணினார். "அஞ்சு விதம்பாரு. புலி ஆட்டையே கொன்னு திங்கும். கொரங்கு மரத்தைக் கொல்லாது, ஆனா தான் வைக்காத தோப்புல பழத்தைத் திங்கும். குருவி தன் கூட்டைத் தானே கட்டும். தேனீ கூட்டத்துக்காகச் சேக்கும். தாய்ப்பறவை குஞ்சுக்கு ஊட்டும், பதிலுக்கு ஒண்ணும் கேக்காது."

குமரப்பா பொருளாதாரத்தைப் பிரித்தது இப்படித்தான். வேடிக்கைக் கதை இல்லை, சுத்தமான ஆடிட்டர் கணக்கு. யார் எடுத்தார், பதிலுக்கு என்ன கொடுத்தார், எடுத்த இடம் பிழைத்திருக்கிறதா என்று மூன்று காலம் போட்டுப் பார்க்கிறார். 1931-ல் பிரிட்டனுக்கும் இந்தியாவுக்கும் உள்ள கடன் கணக்கை ஆராய காங்கிரஸ் போட்ட குழுவில் அவரும் இருந்தார். நம்மைப் பிடிப்பதற்கு நடத்திய போர்களின் செலவையே நம் தலையில் எழுதியிருந்தார்கள். அது புலிக் கணக்கு. சந்தேகமே இல்லை.

அவர் வெளிநாட்டு வியாபாரமே வேண்டாம் என்றவர் அல்ல. அன்றாடம் சாப்பிடுவதையும் உடுத்துவதையும் பக்கத்திலேயே விளைவித்துக்கொள், மிச்சத்தை மாற்றிக்கொள் என்றார். நம் வடைக்கோ அன்றாடமே கப்பலில் வருகிறது. அதனால்தான் 2022-ல் இளைத்தது.

"அப்ப, பர்மாக்காரன்தேன் கொரங்கா?" என்றார் மாமா.

இங்கேதான் என் எட்டு மார்க் பொருளாதாரம் கொஞ்சம் உதவிக்கு வந்தது. "இல்ல மாமா. பர்மாவுல உளுந்து ரொம்பச் சாப்பிட மாட்டாங்க. நம்மளை நம்பித்தான் வெதைக்கிறாங்க. 2017 ஆகஸ்டுல, நம்ம நாட்டுல பருப்பு வெளைச்சல் கூடிப்போச்சுன்னு டெல்லி திடீர்னு இறக்குமதிக்கு அளவு கட்டிருச்சு. அங்க உளுந்து வெலை படுத்துருச்சு. அவங்க கையிலயும் ஒரு சீட்டு இருந்திருக்கும்."

மாமா கொஞ்ச நேரம் பேசவில்லை. மண்டிச் சீட்டை மறுபடி விரித்துப் பார்த்தார்.

"அங்கயும் ஒருத்தன் கூலியைக் காணோம்னு தேடிட்டு இருந்திருக்கான்."

"ஆமா."

"வெலை ஏறுனா தொறந்துவிட்டு என்னை அடிக்கிறது. எறங்குனா மூடி அவனை அடிக்கிறது. நாட்டுக்கு நாடு கையெழுத்துப் போடுறப்ப, வெதைக்கிறவனை ஒரு வார்த்தை கேட்டா என்ன?"

ரிக்கார்டோவின் கணக்கில் இந்தக் கேள்வி கிடையாது. அதில் நாடுகள் மட்டும்தான் வியாபாரம் செய்யும். 2019 நவம்பரில் பாங்காக்கில், ஆசியாவின் மிகப் பெரிய வர்த்தகக் கூட்டணி வேண்டாம் என்று இந்தியா விலகி வந்தபோது, சரி என்று பாதிப் பேரும் தப்பு என்று பாதிப் பேரும் எழுதினார்கள். திறப்பதா, மூடுவதா என்றே சண்டை. திறக்கிற தேதியும் மூடுகிற தேதியும் விதைப்புக்கு முன்னாலேயே விவசாயிக்குத் தெரிய வேண்டாமா என்று கேட்டவர்கள் குறைவு. தேனீக்குக்கூடப் பூ எப்போது பூக்கும் என்று தெரியும்.

குமரப்பாவின் குடிசையில் இரண்டு படங்கள் இருந்ததாகச் சொல்வார்கள். ஒன்று காந்தி. இன்னொன்று பெயர் தெரியாத ஓர் ஏழைக் கிராமவாசி. காந்தி என் எஜமான், இவர் என் எஜமானின் எஜமான் என்பாராம். கணக்கை யாரிடம் ஒப்படைக்க வேண்டும் என்பதில் அந்த ஆடிட்டருக்குக் குழப்பமே இருந்ததில்லை.

திரும்பி வந்தபோது டீக்கடையில் சாயங்கால ஈடு ஓடிக்கொண்டிருந்தது. வீட்டுக்கு நாலு வடை கட்டச் சொன்னேன். மாமாவின் விலை விழுந்ததால்தான் அக்காவுக்கு உளுந்து கட்டுபடியாகிறது. அக்காவுக்குக் கட்டுபடியானால்தான் எனக்கு இந்த விலையில் வடை. அப்படிப் பார்த்தால் அந்தத் தோப்பில் நான் என்ன மிருகம் என்று யோசித்தேன். யோசித்தபடியே ஒன்றைத் தின்றும்விட்டேன்.

பஸ் வந்தது. மாமா ஒரு மஞ்சள் பையை ஜன்னல் வழியாக மடியில் வைத்தார். மூன்று கிலோ இருக்கும். கறுப்பாக, மண் வாசனையோடு, தோல் உரிக்காத உளுந்து.

"அம்மாகிட்ட குடு. நம்ம காட்டு உளுந்து, மாப்ள. சுங்க வரி கிடையாது."

"கணக்கு என்ன மாமா பண்ணப்போறீங்க?"

"என்னா பண்ண? ஐப்பசியில மழை விழுந்தா வெதைக்க வேண்டியதுதேன். அதுக்குள்ள அந்தப் பர்மாக்காரன் எம்புட்டு வெதைக்கிறான்னு மட்டும் விசாரிச்சுச் சொல்லு."