மணிக்கட்டின் அளவும் மணிக்கூட்டின் அளவும்

ஒரே பொருளை இரண்டு அளவுகளில் கடைக்காரர் எடுத்து வைத்தால், பெரியதையே தெரிவு செய்வது நம்மவர்களின் இயல்பு. விலை வித்தியாசம் சொற்பமாயின், இதில் யோசிப்பதற்கு என்ன இருக்கிறது என்று கேட்போரும் உளர். குளிர்சாதனப் பெட்டிக்கும் தொலைக்காட்சிப் பெட்டிக்கும் இந்த நியாயம் ஓரளவு பொருந்தலாம். உடலோடு ஒட்டியிருக்க வேண்டிய பொருளுக்கு இது பொருந்தாது. செருப்பு வாங்கச் செல்பவர் எவரும் 'இருப்பதில் பெரியதைத் தாருங்கள்' என்று கேட்பதில்லை. ஆனால் ஸ்மார்ட் கைக்கடிகாரம் வாங்குவோர் பலர் அப்படித்தான் கேட்கின்றனர்.

இதனை எழுத நேர்ந்தமைக்குக் காரணம் உண்டு. புலம்பெயர்ந்த பிள்ளைகள் ஊரிலுள்ள தாய் தந்தையருக்கு அனுப்பிவைக்கும் பொருட்களில் இந்தக் கடிகாரமும் இப்போது இடம்பிடித்துவிட்டது. இதயத் துடிப்பைக் கணிக்கிறது, நடந்த அடிகளை எண்ணுகிறது, விழுந்தால் அறிவிக்கிறது என்பதால் பிள்ளைகளுக்கு ஓர் ஆறுதல். ஆயினும் நான் சென்றுவரும் வீடுகளில், வந்த கிழமை மட்டும் கட்டப்பட்டு, பின்னர் அலுமாரிக்குள் உறங்கும் கடிகாரங்களை ஒன்றுக்கு மேற்பட்ட தடவை கண்டிருக்கிறேன். முதியவர்களுக்குத் தொழில்நுட்பம் பிடிபடவில்லை என்று பிள்ளைகள் சலித்துக்கொள்கின்றனர். அந்தத் தாய்மாரிடம் கேட்டால் சொல்வது வேறு. "கையிலை பாரமாய்க் கிடக்குது", "படுக்கேக்கை குத்துது", "சுழண்டு சுழண்டு உள்ளங்கைப் பக்கம் போகுது". இம்மூன்றும் தொழில்நுட்பத்தைப் பற்றிய முறைப்பாடுகள் அல்ல. அளவைப் பற்றியவை.

எனது மூத்த சகோதரி யாழ்ப்பாணத்தில் தனியாக வாழ்கிறார். வயது எழுபத்து மூன்று. ஒரே மகன் ரொறன்ரோவில். கடந்த மாரியில் கிணற்றடியில் வழுக்கி விழுந்தவர், எழும்ப இயலாமல் ஏறக்குறைய இரண்டு மணிநேரம் அங்கேயே கிடந்தார். வேலிக்கு அப்பால் முனகற் சத்தம் கேட்டுப் பக்கத்து வீட்டுப் பெண்மணி ஓடி வந்தார். எலும்பு எதுவும் முறியவில்லை என்பது தெய்வாதீனம். அவ்வளவு நேரமும் அக்காவின் கைத்தொலைபேசி குசினிக்குள் கிடந்தது.

அடுத்த வாரமே மருமகனிடமிருந்து அழைப்பு வந்தது. "மாமா, அம்மாவுக்கு அப்பிள் வோட்ச் ஒண்டு அனுப்பப் போறன். 46 மில்லிமீற்றரைப் பார்த்து வைச்சிருக்கிறன். பெரிசெண்டால் எழுத்து வடிவாய்த் தெரியும்தானே?"

"பொறு தம்பி, முதலிலை அம்மாவின்ரை கையை அளப்பம்" என்றேன்.

இந்த 46 என்ற எண் எதைக் குறிக்கிறது என்பதை முதலில் விளங்கிக்கொள்ள வேண்டும். அப்பிள் நிறுவனம் தனது கடிகாரத்தின் உடற்பகுதியின் உயரத்தையே அளவாகக் குறிப்பிடுகிறது. பட்டி பொருந்தும் ஒரு முனையிலிருந்து மறுமுனை வரையான நீளம் அது. கையில் கட்டும்போது இந்த நீளமே மணிக்கட்டின் குறுக்காக அமைகிறது. 2024 இல் வெளிவந்த சீரிஸ் 10 இல் பெரியதன் அளவு 46 க்கு 39 மில்லிமீற்றர். சிறியதன் அளவு 42 க்கு 36. வட்ட வடிவக் கடிகாரங்களில் பெட்டியின் விட்டமே அளவாகிறது. சம்சுங்கின் 44 மில்லிமீற்றர் வட்டக் கடிகாரம் கையின் நீளவாக்கிலும் ஏறக்குறைய அதே 44 ஐப் பிடித்துக்கொள்ளும். எனவே ஒரு நிறுவனத்தின் எண்ணை இன்னொரு நிறுவனத்தின் எண்ணோடு ஒப்பிட்டு முடிவெடுப்பது பயனற்றது.

ஒரே நிறுவனத்தின் எண்களும் காலத்துக்குக் காலம் பொருள் மாறியிருக்கின்றன. 2015 இல் விற்பனைக்கு வந்த முதலாவது அப்பிள் கடிகாரம் 38, 42 என்ற இரு அளவுகளில் கிடைத்தது. 2018 இல் அவை 40, 44 ஆயின. 2021 இல் 41, 45. 2024 இல் 42, 46. அன்று பெரியது என விற்கப்பட்ட 42 இன்று சிறியதன் எண்ணாகிவிட்டது. திரையைச் சுற்றியிருந்த கறுப்பு விளிம்பு தலைமுறைக்குத் தலைமுறை ஒடுங்கி வந்தமையால், இன்றைய 42 இன் திரை அன்றைய 42 இன் திரையைவிட மிகப் பெரியது. எண் ஒன்று, கடிகாரம் வேறு. இதில் இன்னொரு பொறியும் உண்டு. பழைய 42 க்கான பட்டி இன்றைய 42 க்குப் பொருந்தாது. இன்றைய 42 ஏற்பது 38, 40, 41 ஆகியவற்றின் பட்டிகளையே. பழைய 42 இன் பட்டி 44, 45, 46 ஆகியவற்றுக்கே பொருந்தும். வீட்டில் கிடக்கும் பட்டியை நம்பி வாங்குவோர் இதனைக் கவனத்திற் கொள்ளவேண்டும்.

இனி மருமகனின் கேள்விக்கு வருகிறேன். பெரிய கடிகாரத்தில் எழுத்து பெரிதாகத் தெரியுமா?

பத்திரிகைப் பணிமனையில் உதவி ஆசிரியராக அமர்ந்த எவருக்கும் ஒற்றைப் பத்தித் தலைப்பு எழுதிய அனுபவம் இருக்கும். பத்தியின் அகலம் மாறாது. எழுத்தைப் பெரிதாக்கினால் சொல் உடைந்து அடுத்த வரிக்கு ஓடும். தமிழில் இந்தச் சங்கடம் அதிகம். 'வைத்தியசாலைக்குச் செல்லவேண்டியிருக்கிறது' என்பது இரண்டே சொற்கள்தான். ஆனால் அவற்றில் ஒன்றுகூட ஒற்றைப் பத்தியில் இலகுவில் அடங்காது. கடிகாரத்தின் திரையும் ஓர் ஒடுங்கிய பத்தியே. சீரிஸ் 10 இன் பெரிய திரை அகலவாக்கில் 416 புள்ளிகளைக் கொண்டது. சிறிய திரை 374 புள்ளிகளைக் கொண்டது. ஒரு புள்ளியின் பருமன் இரண்டிலும் ஒன்றே. கணக்கிட்டுப் பார்த்தால் பெரியதன் அகலம் சிறியதைவிட ஏறத்தாழ 11 சதவீதம் கூடுதல். அதாவது, ஒரே பருமனுள்ள எழுத்தில், சிறியதில் ஒரு வரிக்கு ஒன்பது எழுத்துகள் அடங்குமெனில், பெரியதில் பத்து அடங்கும். நான்கு மில்லிமீற்றரைக் கூடுதலாகச் சுமப்பதன் பலன் வரிக்கு ஓர் எழுத்து!

எழுத்தைப் பெரிதாகக் காட்டுவது திரையின் அளவைவிட, கடிகாரத்தின் அமைப்புகளில் உள்ள எழுத்துப் பருமன் தெரிவுதான். அதனைச் சிறிய கடிகாரத்திலும் கூட்டலாம். வந்த செய்தி முழுவதையும் மணிக்கட்டில் வைத்துப் படிப்பதற்கு எந்த அளவும் போதாது. யார் அழைக்கிறார் என்பதைக் கண்டுகொண்டு தொலைபேசியை எடுப்பதற்கு எந்த அளவும் போதும்.

மறுபுறத்தில், கடிகாரம் கையில் சரியாக அமராவிட்டால் இழப்பது ஓர் எழுத்தை அல்ல. இதயத் துடிப்பை அது கணிக்கும் விதத்தைப் பாருங்கள். கடிகாரத்தின் அடிப்புறத்திலிருந்து பச்சை ஒளி தோலினுள் பாய்ச்சப்படுகிறது. குருதி பச்சை ஒளியை உறிஞ்சும் இயல்புடையது. இதயம் துடிக்கும் கணத்தில் மணிக்கட்டில் குருதி ஓட்டம் கூடுகிறது. உறிஞ்சப்படும் ஒளியும் கூடுகிறது. திரும்பி வரும் ஒளியின் ஏற்ற இறக்கத்தைக் கொண்டே துடிப்பு கணிக்கப்படுகிறது. கடிகாரத்துக்கும் தோலுக்கும் இடையே இடைவெளி விழுந்தால் வெளி வெளிச்சம் உள்ளே புகுந்து கணக்கு குழம்பும். ஒடுங்கிய மணிக்கட்டில் அகன்ற கடிகாரத்தை வைத்தால், அது மேடு ஒன்றின் மீது வைத்த பலகை போல இருபுறமும் தூக்கி நிற்கும். இறுக்கிக் கட்டினால் முதியவர்களின் மெல்லிய தோலில் தழும்பு விழும். தளர்த்திக் கட்டினால் சுழலும். இரண்டில் எது நேர்ந்தாலும் முடிவு அலுமாரிதான்.

விழுதலைக் கண்டறியும் வசதியும் அவ்வாறே. கடும் விழுகையொன்றை உணர்ந்தால் கடிகாரம் மணிக்கட்டில் தட்டி, ஒலியெழுப்பிக் கேட்கும். ஏறத்தாழ ஒரு நிமிடம் வரை அணிந்திருப்பவர் அசைவற்றிருந்தால் அவசர அழைப்பை ஏற்படுத்தி, குறித்துவைத்த உறவினர்களுக்கும் செய்தி அனுப்பும். 55 வயதைக் கடந்தவர் எனப் பதிவு செய்திருந்தால் இவ்வசதி தானாகவே இயங்கத் தொடங்கும். ஆனால் இவையெல்லாம் கடிகாரம் கையில் இருக்கும்போது மட்டுமே. கிணற்றடிக்குப் போகும்போது பாரமாக இருக்கிறதென்று கழற்றி வைக்கப்படும் கடிகாரத்தால் கிணற்றடியில் விழுபவருக்கு எந்தப் பயனுமில்லை.

அக்காவின் கையை அளப்பதற்குப் பழைய பத்திரிகைத் தாளில் விரலகலத் துண்டொன்றை வெட்டினேன். மணிக்கட்டு எலும்பிலிருந்து ஒரு விரலளவு மேலே, முழங்கைப் பக்கமாக, அதனைச் சுற்றி, முனை சந்தித்த இடத்தில் பேனாவால் குறித்து, அடிமட்டத்தில் வைத்துப் பார்த்தேன். சுற்றளவு 14 சென்ரிமீற்றர். கையை மேசையில் வைத்து மேற்புறத்தின் அகலத்தை அளந்தேன். 49 மில்லிமீற்றர். அதிலும் இரு ஓரங்களும் வளைந்து இறங்குபவை. 46 மில்லிமீற்றர் கடிகாரம் ஓரத்துக்கு ஓரம் அடைத்து நிற்கும் என்பது அப்போதே தெரிந்துவிட்டது.

ஆயினும் அணியப் போவது அக்கா அல்லவா? கலியாண அழைப்பிதழ் மட்டையில் 46 க்கு 39, 42 க்கு 36 என இரு துண்டுகளை வெட்டி, றப்பர் வளையத்தால் கட்டிக் கொடுத்தேன். ஒவ்வொன்றையும் அரை நாள் கட்டிக்கொண்டு வீட்டுவேலை செய்து பார்க்கும்படி கூறினேன். முதலிற் சிரித்தார். மாலையில் சொன்னார்: "தம்பி, இந்தப் பெரிசு கையை மடக்கித் தேங்காய் துருவேக்கை குத்துது. சின்னன் கிடக்கிறதே தெரியேல்லை." கணக்கில் நான் கண்டதை அக்கா தேங்காய் துருவிக் கண்டுகொண்டார். 42 என்று மருமகனுக்கு அறிவித்தேன்.

சிறியதே எல்லோருக்கும் சிறந்தது என்று நான் வாதாட வரவில்லை. என் நண்பர் ஒருவர், ஓய்வுபெற்ற ஆசிரியர். மணிக்கட்டின் சுற்றளவு 19 சென்ரிமீற்றர், பார்வையும் மங்கல். அவருக்குப் பெரியதே தகும். அவரது தடித்த விரலுக்குத் திரையிலுள்ள பொத்தான்களும் சற்று விலகி இருப்பது நல்லது. மின்கலத்தை முன்னிட்டுப் பெரியதை நாடுவோரும் உண்டு. கார்மின் நிறுவனத்தின் ஃபீனிக்ஸ் 7 வரிசையில், நிறுவனத்தின் கூற்றுப்படி, 42 மில்லிமீற்றர் கடிகாரம் 11 நாட்களும் 51 மில்லிமீற்றர் கடிகாரம் 28 நாட்களும் மின்னேற்றமின்றி இயங்கும். நாட்கணக்கில் மலையேறுபவருக்கு இது பெரும் வித்தியாசம். சம்சுங்கின் 2021 ஆம் ஆண்டுக் கலக்சி வோட்ச் 4 இலும் சிறியதன் மின்கலம் 247 அலகு, பெரியதன் மின்கலம் 361 அலகு. ஆனால் அப்பிளின் சீரிஸ் 10 இல் இரு அளவுகளுக்கும் 18 மணிநேரம் என ஒரே நேரமே கூறப்பட்டது. ஆகவே பெரியதெனில் நீடிக்கும் என்பதும் எல்லா இடத்திலும் செல்லுபடியாகாது.

சிறியது பெண்களுக்கு, பெரியது ஆண்களுக்கு என்ற எண்ணமும் கைவிடத்தக்கது. 1945 இல் அறிமுகமான ரோலெக்ஸ் டேற்ஜஸ்ற், ஆண்களுக்கான கடிகாரம், 36 மில்லிமீற்றர் விட்டமே கொண்டது. எமது தந்தையர் காலத்து ஆண்கள் காலைதோறும் சாவி கொடுத்துக் கட்டிச் சென்ற மணிக்கூடுகள் பெரும்பாலும் அந்த அளவினவே. இரண்டாம் உலகப் போரில் ஜேர்மனிய விமானிகளுக்காக 55 மில்லிமீற்றர் கடிகாரங்கள் செய்யப்பட்டன என்பதும் உண்மை. அவை தடித்த பறப்பு அங்கியின் கைக்கு மேலாகக் கட்டப்பட்டவை. அன்றும் அளவைத் தீர்மானித்தது தேவைதான்.

ஆகவே தூரத்திலிருந்து வாங்கி அனுப்புவோருக்கு எனது தாழ்மையான ஆலோசனைகள் சில. முதலில், பெறுபவரின் கைத்தொலைபேசி எது என்று கேளுங்கள். அப்பிள் கடிகாரம் ஐபோனுடன் மட்டுமே இணையும். கலக்சி வோட்ச் 4 உம் அதற்குப் பிந்தியவையும் ஐபோனுடன் இணையமாட்டா. அடுத்து, சுற்றளவையும் மேற்புற அகலத்தையும் கடதாசித் துண்டால் அளப்பித்து எடுங்கள். கடிகாரத்தின் நீளம் அந்த அகலத்துக்குள் அடங்கி, இருபுறமும் சற்றே இடம் மிஞ்ச வேண்டும். கொழுக்கி இல்லாத, இழுத்து மாட்டும் பட்டி வாதம் கண்ட விரல்களுக்கு இலகுவானது. ஆனால் அது பல அளவுகளில் வருவதால் அளக்காமல் வாங்கக்கூடாது. வெயிலில் கை சற்று வீங்குபவர்களுக்கு ஒட்டிக் கழற்றும் துணிப்பட்டி உகந்தது. கடைசியாக, கடிகாரத்தில் தனியான தொலைபேசி இணைப்பு இல்லையெனில், கைத்தொலைபேசி ஏறத்தாழ பத்து மீற்றருக்குள் இருக்கவேண்டும். அக்கா இப்போது தமது தொலைபேசியைக் கிணற்றடிப் பக்கத்து யன்னற்கட்டில் வைத்துவிட்டே குளிக்கப் போகிறார்.

கடிகாரம் வந்து மூன்று மாதங்களாகின்றன. காலைத் தேநீர் வேளையில் மின்னேற்றுவதற்குத் தவிர அவர் அதனைக் கழற்றுவதில்லை என்று மருமகன் சொன்னார். அடுத்த பிறந்த நாளுக்குத் தாய்க்கோ தந்தைக்கோ இப்படியொன்றை அனுப்ப எண்ணியிருப்போர், கடைக்குப் போகுமுன் ஊருக்கு ஒரு தொலைபேசி அழைப்பை எடுத்து அந்த இரண்டு அளவுகளையும் கேட்டு எழுதிக்கொள்வார்களாக.