சிரிப்பைப் பங்கிட்டுக் கொடுத்தவர்

நகைச்சுவை நடிகர்களின் வாழ்க்கை பெரும்பாலும் ஒரே திசையில் போகும். பெயர் வளர வளரத் திரையில் அவர்களுக்கான இடமும் வளரும். கதை அவர்களைச் சுற்றி வரும், மற்றவர்கள் அவர்களுக்கு எடுத்துக்கொடுக்க நிற்பார்கள். பிரெஞ்சு நடிகரும் இயக்குநருமான ழாக் தத்தி இதற்கு எதிர்த்திசையில் நடந்தார். புகழ் ஏற ஏற, தன் படங்களின் நடுவிலிருந்து ஓரத்துக்கு அவராகவே நகர்ந்துகொண்டார். அதை நினைக்கும்போதெல்லாம் அவர்மேல் எனக்கு மதிப்புக் கூடுகிறது. அதற்கு அவர் கொடுத்த விலையை நினைத்தால் மனம் கனக்கிறது.

1907இல் பாரிசை அடுத்த லெ பெக் என்ற ஊரில் பிறந்தார். தந்தைவழியில் ருஷ்யப் பூர்வீகம். முழுப் பெயர் ழாக் தாத்திஷெஃப். தாய்வழிக் குடும்பத்துக்குப் படங்களுக்குச் சட்டம் போடும் தொழில். அதைப் பழகிக்கொண்டிருந்த இளைஞரை ரக்பி ஆட்டம் இழுத்தது. ஆட்டம் முடிந்ததும் மைதானத்தில் நடந்ததையெல்லாம் உடம்பாலேயே நடித்துக் காட்டி நண்பர்களைச் சிரிக்கவைப்பார். அதுவே பிறகு மேடைத் தொழிலாயிற்று. கோல்காப்பாளர், குத்துச்சண்டைக்காரர், டென்னிஸ் வீரர் என்று ஒருவராய் நின்றே ஒரு மைதானத்தைக் காட்டினார். குதிரையும் அவரே, அதன்மேல் சவாரி செய்பவரும் அவரே. எழுத்தாளர் கொலெத் 1936இல் அந்த நிகழ்ச்சியைப் பாராட்டி எழுதினார். ஆறடியைத் தாண்டிய அந்த உடம்பு ஒன்றே அரங்கை நிறைத்த காலம் அது.

முதல் முழுநீளப் படமான ‘ழூர் து ஃபேத்’திலும் அப்படித்தான். போர்க்காலத்தில் தான் ஒதுங்கியிருந்த சேன்த் செவேர் என்ற கிராமத்துக்கே 1947இல் திரும்பிப் போய், ஊர் மக்களையும் சேர்த்துக்கொண்டு எடுத்தார். அமெரிக்கத் தபால்துறையின் வேகத்தைத் திரையில் பார்த்துவிட்டு, சைக்கிளில் பறந்து பறந்து கடிதம் கொடுக்கும் தபால்காரர் பிரான்சுவாதான் படம் முழுக்க. வண்ணத்திலும் கறுப்பு வெள்ளையிலும் ஒருசேரப் படம்பிடித்தார்கள். வண்ணச் சுருளைப் பிரதியெடுக்க வழியில்லாமல் போனதால், 1949இல் வெளிவந்தது கறுப்பு வெள்ளைதான். அவர் மகள் சோஃபியின் முயற்சியால் 1995இல் அந்த வண்ணம் மீண்டது. அதைப் பார்க்கத் தத்தி உயிரோடில்லை.

1953இல் தத்தி நடித்த முசியே உலோ என்ற பாத்திரம் திரைக்கு வந்தது. வாயில் புகைக்குழாய், கணுக்காலுக்கு மேலே நிற்கும் கால்சட்டை, முன்னால் சாய்ந்த நடை. கடற்கரை விடுதிக்கு விடுமுறைக்கு வந்த இந்த மனிதர் யாரையும் வம்புக்கு இழுப்பதில்லை. அவர் கதவைத் திறந்தால் காற்று உள்ளே புகுந்து விடுதிக் கூடத்தையே கலைத்துப் போடும், அவ்வளவுதான். வசனம் ஒரு முணுமுணுப்பாய்ப் பின்னால் ஒதுங்கிவிட, உணவறைக் கதவு ஒவ்வொரு முறை அசையும்போதும் எழுகிற ஒலியே ஒரு பாத்திரமாகிவிடுகிறது. விடுமுறையில்கூட வியாபாரத் தொலைபேசியை விட முடியாதவர், மனைவிக்குப் பின்னால் கைகட்டிக்கொண்டு உலாவும் முதியவர் எல்லோரும் தங்கள் பங்குக்குச் சிரிப்பைத் தருகிறார்கள். உலோ அவர்களுக்கு இடம் விடத் தொடங்கிவிட்டார்.

1958இல் ‘மோன் ஓன்க்ல்’. இதில் உலோ ஒரு சிறுவனுக்குத் தாய்மாமன். சிறுவனின் பெற்றோர் வாழ்வது எல்லாமே பொத்தானில் இயங்கும் நவீன வீட்டில். வாயில் மணி அடித்ததும் அந்த அம்மாள் ஓடிப்போய்த் தோட்டத்து மீன் சிலையின் நீரூற்றைத் திருப்பிவிடுவார். வந்திருப்பவர் மதிப்புக்குரிய விருந்தாளி இல்லையென்றால் உடனே நிறுத்திவிடுவார். இந்தக் காட்சியில் உலோவுக்கு வேலையே இல்லை. கான் விழாவின் நடுவர் சிறப்புப் பரிசும், சிறந்த வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கரும் இந்தப் படத்துக்குக் கிடைத்தன. உலகம் உலோவை இன்னும் கேட்டது. வருடத்துக்கு ஒன்றாகக் கொடுத்துச் சுகமாக வாழ்ந்திருக்கலாம்.

அடுத்த படத்துக்கு ஒன்பது வருடம் ஆயிற்று. ‘பிளேடைம்’ படத்துக்காகப் பாரிசின் விளிம்பில் கண்ணாடியும் இரும்பும் கான்கிரீட்டுமாக ஒரு நகரத்தையே எழுப்பினார். நகரும் படிக்கட்டும் தனி மின்நிலையமும் கொண்ட அதைத் ‘தத்திவில்’ என்று அழைத்தார்கள். அகன்ற 70 மி.மீ. சுருளில் படம்பிடித்தார், அண்மைக் காட்சி ஒன்றுகூட வைக்கவில்லை. உலோ அந்தக் கூட்டத்தில் ஒருவர் மட்டுமே. அவர்தான் என்று நாம் எட்டிப்பார்க்கும் ஆள் திரும்பினால் வேறு யாரோ.

அன்றுதான் திறந்த உணவகத்தில் நடக்கும் நீண்ட பகுதியை நான் எத்தனையோ தரம் பார்த்திருக்கிறேன்; இன்னும் பார்த்து முடித்ததாகத் தோன்றவில்லை. ஒரு மேசையில் மீனுக்குப் பரிசாரகர்கள் மாறி மாறி மசாலா தூவுகிறார்கள், மீன் பரிமாறப்படுவதேயில்லை. இன்னொரு மூலையில் கால்சட்டை கிழிந்த பரிசாரகரிடம் மற்றவர்கள் தங்கள் பழுதான உடுப்புகளையெல்லாம் தள்ளிவிடுகிறார்கள். வாசலில் கண்ணாடிக் கதவு நொறுங்கிவிட, காவலர் கைப்பிடியை மட்டும் அந்தரத்தில் பிடித்துக்கொண்டு இல்லாத கதவைத் திறந்து மூடுகிறார். எதைப் பார்ப்பது என்று இயக்குநர் சொல்வதில்லை. அதை நம் கண்ணுக்கு விட்டுவிட்டார்.

1967இல் அந்தப் படம் வணிகத்தில் தோற்றது. தான் ஈடு வைத்த சொத்தையும் குடும்ப வீட்டையும் அவர் இழந்தார். தன் படங்களின் உரிமைகூடக் கைவிட்டுப் போனது. இளம் இயக்குநர்களுக்குப் பயன்படட்டும் என்று அவர் விரும்பிய அந்த நகரமும் இடிக்கப்பட்டது. 1971இல் ‘திராஃபிக்’குக்காக மறுபடி உலோவாக வந்தார். 1974இல் சுவீடன் தொலைக்காட்சிக்காக ‘பராத்’ என்ற சர்க்கஸ் படம் எடுத்தார். 1982இல் இறந்தபோது ‘கன்ஃப்யூஷன்’ என்ற திட்டம் எழுத்தாகவே இருந்தது.

‘பிளேடைம்’ ஒரு மனிதரின் அளவுமீறிய ஆசை என்று சொல்பவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. தன்னைப் பெரிதாக்கிக்கொள்ள நினைப்பவர் இவ்வளவு செலவழித்துத் தன்னை ஓரத்தில் வைத்துக்கொள்ள மாட்டார். வேடிக்கை என்பது வேடிக்கைக்காரரிடம் மட்டும் இருப்பதல்ல, எல்லோரிடமும் இருக்கிறது என்று அவர் நம்பினார். அதைக் காணும் கண் பார்வையாளருக்கு உண்டு என்றும் நம்பினார். அந்த நம்பிக்கை என்னிடம் பலித்திருக்கிறது. அந்தப் படத்தில் காத்திருப்பு அறை நாற்காலிகள் உட்கார்ந்தால் அமுங்கிப் பெருமூச்சு விடும். அதைப் பார்த்த பிறகு எந்த அலுவலகத்தில் காத்திருந்தாலும் நாற்காலிகளின் சத்தமும், வரிசையில் நிற்பவர்கள் காலை மாற்றி ஊன்றுவதும் என் கண்ணிலும் காதிலும் படுகின்றன. காத்திருப்பு கசப்பதில்லை. யாரையும் ஏளனமாகப் பார்க்கவும் தோன்றுவதில்லை, ஏனென்றால் அந்த வரிசையில் நானும் ஒருவன்.

‘பராத்’தில் சர்க்கஸ் வட்டத்துக்கும் பார்வையாளர் வரிசைக்கும் நடுவே கோடே இல்லை, பார்க்க வந்தவர்களும் ஆட்டத்தில் சேர்ந்துகொள்கிறார்கள். தனியொருவராக மைதானத்தையே நடித்துக் காட்டியவர் கடைசியில் வந்து சேர்ந்த இடம் அதுதான். வாய்ப்புக் கிடைத்தால் ‘பிளேடைம்’ படத்தைப் பெரிய திரையில், நிறையப் பேரோடு உட்கார்ந்து பாருங்கள். நீங்கள் ஒரு மூலையைப் பார்த்துச் சிரிக்கும் நேரத்தில் பின்வரிசையில் ஒருவர் வேறெதற்கோ சிரிப்பார். அவர் கண்டது என்ன என்று தேடப் போவீர்கள். தத்தி சொத்தை ஈடு வைத்துக் கட்டியது அந்தத் தேடலுக்காகத்தான்.