உள்ளங்கைக்குள் ஒரு பெயர்

ஆயுதங்களின் மீது நமக்கு எந்நாளும் ஈடுபாடு இருந்ததில்லை. புறப்பாடல்களைக் கற்பிக்கும்போது வேலையும் வாளையும் சொற்களாகவே கண்டு கடந்து செல்வது நம் வழக்கம். ஆயினும் சில ஆண்டுகளுக்கு முன் வாஷிங்டன் நகரில், ஃபோர்டு நாடக அரங்கின் கீழ்த்தளத்து அருங்காட்சியகத்தில், ஒரு கண்ணாடிப் பேழையின் முன்னே அரைமணி நேரம் நின்றுவிட்டோம். "அண்ணா, மேலே அரங்கத்தைப் பார்க்க வேண்டாமா?" என்று தம்பி இருமுறை கேட்ட பின்னரே அங்கிருந்து நகர்ந்தோம்.

பேழைக்குள் இருந்தது ஒரு சட்டைப்பைத் துப்பாக்கி. நீளம் ஏறத்தாழ ஆறு அங்குலம். எடை கால் கிலோவுக்கும் குறைவு. 1865 ஏப்ரல் 14 இரவு, ஜான் வில்க்ஸ் பூத் என்னும் நடிகர் ஆபிரகாம் லிங்கனைச் சுட்டது இதனால்தான். ஒரே ஒரு குண்டுதான் இதில் இடமுடியும். ஆகவே சுட்டவுடன் இதைக் கைவிட்டுக் கத்தியை எடுத்தார் பூத். தடுக்க முனைந்த ராத்போன் என்ற படை அதிகாரியைக் குத்திவிட்டு மேடையில் குதித்துத் தப்பினார். லிங்கன் மறுநாள் காலை, தெருவின் எதிர்ப்புறத்து வீடொன்றில் உயிர் நீத்தார்.

இதைச் செய்தவர் பிலடெல்பியாவின் ஹென்றி டெரிஞ்சர் (1786–1868). குழலின் வாய்வழியே வெடிமருந்தையும் ஈயக்குண்டையும் இட்டு, பின்புறம் ஒரு சிறு செப்பு மூடியைப் பொருத்த வேண்டும். நம் சிறுவர்கள் தீபாவளிக்கு வெடிக்கும் பொட்டுவெடியின் மூத்த உறவினர் அது. சுத்தியல் அதன்மேல் விழுந்தால் தீப்பொறி உள்ளே பாயும். மறுபடி சுட வேண்டுமெனில் எல்லாவற்றையும் முதலிலிருந்து தொடங்க வேண்டும். அதனாலேயே இவை பெரும்பாலும் இணையாக விற்கப்பட்டன.

இத்தகைய துப்பாக்கிகளைத் திரட்டுவோர் எதைத் தேடுகின்றனர்? இரண்டும் பிரியாத இணை. தேய்க்கப்படாத பழைய நிறம். வாதுமை மரப்பிடியில் சிதையாத செதுக்கு வேலை. குழலில் சில வேளை பொறிக்கப்பட்டிருக்கும், அதை விற்ற வணிகரின் பெயர். எல்லாவற்றுக்கும் மேலாக, டெரிஞ்சர் என்ற முத்திரை. ஏட்டுச்சுவடியின் இறுதியில் எழுதியவர் பெயரைத் தேடும் நமக்கு அந்த ஆவல் அயலானதன்று.

அந்த முத்திரைதான் அவரை வாட்டியது. அவர் பட்டறையில் வேலை பார்த்தவர்களே வெளியேறிப் போலிகளைச் செய்து அவர் பெயரையே பொறித்தனர். ஜான் டெரிஞ்சர் என்ற தையற்காரர் ஒருவரைத் தேடிப் பிடித்து, அவர் பெயரைத் தம் சரக்குக்கு வாங்கிக்கொண்டவர்களும் உண்டு. போலிகளை விற்ற சான் பிரான்சிஸ்கோ வணிகர் ஒருவர் மீது டெரிஞ்சர் தொடுத்த வழக்கு, வணிகச் சின்னச் சட்ட வரலாற்றில் இடம்பெற்றது. இருந்தும் காலம் அவருக்குச் செய்தது வேறு. ஆங்கிலத்தில் அவர் பெயருடன் 'ஆர்' என்ற எழுத்து ஒன்று கூடி, எல்லாச் சட்டைப்பைத் துப்பாக்கிகளுக்கும் அதுவே பொதுப்பெயராயிற்று. அகராதியில் இடம் கிடைத்தது, எழுத்துப்பிழையோடு கிடைத்தது. அன்றைய போலிகளையும் இன்று தேடி வாங்குவோர் இருக்கின்றனர் என்பது இதன் அடுத்த வேடிக்கை.

பேழையிலிருந்த துப்பாக்கியையும் ஐயம் விட்டுவைக்கவில்லை. 1960களில் யாரோ அதைத் திருடிவிட்டுப் போலியை வைத்துவிட்டனர் என்றொரு பேச்சு எழ, 1997இல் எஃப்.பி.ஐ. ஆய்வு செய்தது. 1930களில் எடுத்த நிழற்படங்களோடு ஒப்பிட்டபோது மரத்தின் விரிசலும் வடுக்களும் அப்படியே பொருந்தின. உண்மைப் பொருள் என்று முடிவாயிற்று. குறையற்ற வழவழப்பைப் போலியும் பெறலாம். காலம் இட்ட வடுவை அதே இடத்தில் பெறுதல் அரிது.

இதை எண்ணிக்கொண்டு நின்றபோதுதான் நம் நெஞ்சு உறுத்தியது. நம் வீட்டு அலமாரியில், சி.வை. தாமோதரம் பிள்ளை 1887இல் பதிப்பித்த கலித்தொகையின் முதற்பதிப்பு என்று சொல்லி, பழைய புத்தக வியாபாரி ஒருவர் ஒரு மாதச் சம்பளத்தில் பாதிக்கு விற்ற நூல் ஒன்று உண்டு. ஆண்டுதோறும் முதுகலை மாணவர்க்கு அதைப் பெருமிதத்தோடு காட்டுவோம். முகப்புத்தாள் மட்டும் பிற்காலத்தில் ஒட்டப்பட்டது, உள்ளிருப்பது வேறொரு பதிப்பு என்பது வாங்கிய மறு ஆண்டே நமக்குத் தெரிந்துவிட்டது. ஏமாந்ததை ஒப்புக்கொள்ள மனம் வராமல் ஆறு ஆண்டுகள் காட்டிக்கொண்டே இருந்தோம். வியாபாரி ஒருமுறைதான் பொய் சொன்னார். நாம் ஆறு முறை.

ஊர் திரும்பிய பின் அந்நூலை வகுப்புக்கு எடுத்துச் சென்று நடந்ததைச் சொன்னோம். சிறிது நேரம் எவரும் பேசவில்லை. பின்னர் ஒரு மாணவி கேட்டாள்: "ஐயா, அப்படியென்றால் போன வருஷம் படித்த அக்காமார்களிடம் யார் சொல்வது?"

அதற்கு நம்மிடம் விடை இருக்கவில்லை. இப்போது முகவரி தெரிந்தவர்களுக்கு ஒவ்வொருவராக எழுதிக்கொண்டிருக்கிறோம்.